பந்தைத் தொடாத ஆட்டக்காரனுக்கு

போன வாரம் ருவைஸில், இந்த வளைகுடாப் பாலைவன ஊரில், எங்கள் பழைய ஸ்டோரைக் காலி செய்தார்கள். கழித்துக்கட்டும் சாமான்களைப் பார்த்துக் கையெழுத்துப் போட என்னை அழைத்திருந்தார்கள். இரண்டு முதுகலைப் பட்டம் வைத்திருப்பவனுக்கு இந்தக் கம்பெனி தந்திருக்கும் உச்ச அதிகாரம் அதுதான். குப்பையைக் குப்பைதான் என்று சான்றளிப்பது.

ஸ்டோர்கீப்பர் ஜமால் பாய் மேல்தட்டிலிருந்து ஒரு பெட்டியை இறக்கித் தூசி தட்டித் திறந்தார். உள்ளே ஒரு ஜோடி சேஃப்டி ஷூ. ஒருவரும் போடாத புது ஷூ. தோல் வாசனை அப்படியே இருந்தது.

"சார், இது மனுசன் கால்ல போடுறதா, இல்ல தோணியா? எங்க கீழக்கரையில இதை வச்சு மீன் புடிக்கப் போயிரலாமே."

"நம்ம அமெரிக்காக்காரருக்காக வாங்கினது, பாய்."

"அவரு போயி ரெண்டு மூணு வருசம் இருக்குமே சார்."

"அவர் போன பிறகுதான் இது வந்து சேர்ந்தது."

ஜமால் பாய் மூடியை மறுபடி வைத்தார். நான் அந்தத் தோல் வாசனையை மூக்கில் வைத்துக்கொண்டு ஆபீசுக்குத் திரும்பினேன். உன் அளவுக்கு ஷூ கேட்டு நான் எத்தனை தரம் எழுதினேன் என்று உனக்குத் தெரியும். தனியாகத் தருவிக்க வேண்டும், செலவு அதிகம் என்று பர்ச்சேஸில் திருப்பிக்கொண்டே இருந்தார்கள். சேஃப்டி ஆலோசகனாக வந்த நீ, விரல் வெளியே வர நுனியை அறுத்துவிட்ட ஷூவோடு இங்கே நொண்டிக்கொண்டு திரிந்தாய். இந்த ஒன்றைச் சொன்னாலே இந்த இடத்தைப் பற்றி முழுக்கச் சொன்னதாகிவிடும்.

ஆபீசில் கம்ப்யூட்டரைத் திறந்தால் நம் ப்ராஜெக்ட் மேனேஜரின் மெயில். எல்லாருக்கும் அனுப்பியிருந்தான். நீ இறந்துவிட்டாய் என்று அதில்தான் தெரிந்துகொண்டேன். 'நம் குடும்பத்தின் மாபெரும் டீம் பிளேயர் ஒருவரை இழந்துவிட்டோம்' என்று ஆரம்பித்திருந்தான். கீழே ஒரு மெழுகுவர்த்தி படம். உன்னை ஒரே நாளில் கேட்டுக்கு வெளியே தள்ளியவன் உனக்கு மெழுகுவர்த்தி ஏற்றுகிறான். எழுந்துபோய் முகம் கழுவினேன்.

அவன் எனக்கு ஒரு விதத்தில் ஊர்க்காரன். எனக்குக் கும்பகோணம், அவனுக்குப் பாபநாசம். ஊர்க்காரன் என்பதால் எல்லார் எதிரிலும் என்னை 'வாத்தியாரே' என்பான். அதில் மரியாதை இருப்பதாக மற்றவர்கள் நினைத்துக்கொள்வார்கள். நீ என்னை 'ப்ரொஃபசர்' என்பாய். அதிலும் கிண்டல்தான். ஆனால் நீ சொல்லும்போது எனக்குக் கோபம் வந்ததில்லை.

நீ வந்த நாள் ஞாபகம் இருக்கிறது. அமெரிக்காவிலிருந்து சேஃப்டி ஆலோசகர் வருகிறார் என்றதும் ஆபீஸ் ஒரு நிறத்தை எதிர்பார்த்தது. வந்தவன் வேறு நிறம். வாசலில் செக்யூரிட்டி உன்னைத் தொழிலாளர் வரிசையில் நிறுத்திவிட்டான். நீ வாயைத் திறந்து பேசிய பிறகு உன் இங்கிலீஷைக் கேட்டு சல்யூட் அடித்தான். நீ சிரித்தாய். நான் சிரிக்கவில்லை. அந்தச் செக்யூரிட்டியின் முகத்தை இன்றைக்குக் காட்டினாலும் அடையாளம் சொல்வேன்.

வெள்ளிக்கிழமைகளில் மலையாளி கஃபட்டீரியாவில் இரண்டு நாற்காலியை ஒன்றாகப் போட்டு நீ உட்காருவாய். புரோட்டா வந்துகொண்டே இருக்கும். ஒருநாள், இந்த வேலைக்கு வருமுன் உங்கள் அமெரிக்க ஃபுட்பாலில் நீ என்ன விளையாடினாய் என்று கேட்டேன். மேசையில் இருந்த சுலைமானி டீ டம்ளர்களை ஐந்து ஐந்தாக எதிரெதிரே அடுக்கினாய். உன் பக்கத்து ஐந்துக்குப் பின்னால் உப்புப் புட்டியை வைத்தாய். அதுதான் பந்தை எறிபவன். ஊர் முழுக்க அவன் படம். அந்த ஐந்தில் இடது ஓரத்து டம்ளர் நீ. எறிபவன் வலப்பக்கம் பார்த்து நிற்கும்போது அவன் முதுகு உன்னிடம் இருக்கும். அவனுக்குத் தெரியாத பக்கத்திலிருந்து ஓடி வருகிறவனை நீ பார்த்துக்கொள்ள வேண்டும்.

"நீ பந்தை எப்போது எறிவாய்?" என்று கேட்டேன்.

"எறிய மாட்டேன்."

"பிடிப்பாயா?"

"கூடாது. சட்டத்திலேயே இடமில்லை."

"அப்படியென்றால் உன் வேலை என்ன?"

"வழியை மறிப்பது. எதிரில் வருகிறவன் என்னைத் தாண்டி அவனிடம் போகக் கூடாது. மூன்று விநாடி தாங்கினால் போதும், பந்து போய்விடும். பிறகு மறுபடி முதலிலிருந்து."

ஒரே ஒரு தடவை, கைதவறி உருண்டு வந்த பந்தின் மேல் நீ விழுந்து கட்டிக்கொண்டாயாம். நடுவர் அதையும் செல்லாது என்று சொல்லிவிட்டார். இதைச் சொல்லிவிட்டு இன்னொரு புரோட்டா கேட்டாய்.

உன் பெயரை ஒலிபெருக்கியில் எப்போது சொல்வார்கள் என்று கேட்டதற்கு, தப்புச் செய்யும்போது மட்டும் என்றாய். எதிராளியின் சட்டையைப் பிடித்து இழுத்துவிட்டால் அறிவிப்பார்கள். பெயர்கூட இல்லை, நம்பர்தான். அறுபதாயிரம் பேர் அந்த நம்பரைத் திட்டுவார்கள். ஒழுங்காக ஆடிய நாளில் உன்னை ஒருவரும் பார்க்கவில்லை என்று அர்த்தம். திங்கட்கிழமை காலை எல்லாரையும் இருட்டறையில் உட்காரவைத்து முந்தின நாள் ஆட்டத்தைப் படம் போடுவார்களாம். நீ தடுத்த அறுபது தடவையையும் ஓட்டிவிட்டு, தவறவிட்ட ஒரு தடவையை மட்டும் பயிற்சியாளர் பின்னால் ஓட்டி, முன்னால் ஓட்டி, மறுபடி பின்னால் ஓட்டிக் காட்டுவாராம். எனக்கு அதைக் கேட்டபோது அப்பட்டமாக இந்தக் கம்பெனிதான் தெரிந்தது. என் அப்ரைசல் கூட்டங்கள் எல்லாம் அந்த இருட்டறையில்தான் நடந்தன.

நீ இயல்பில் அவ்வளவு பெரிய உருவம் இல்லை என்று சொன்னதை நான் முதலில் நம்பவில்லை. கல்லூரியில் ஆடும்போது எடை போதாது என்றார்களாம். ஒரு உருளைக்கிழங்கு மலையைத் தின்று முடிக்கும்வரை எழுந்திருக்க விடமாட்டார்கள். வாந்தி எடுத்தால் வெளியே போய் எடுத்துவிட்டு வந்து மறுபடி உட்கார வேண்டும். பொங்கலுக்கு விற்க ஆட்டைத் தேற்றுவது மாதிரி உன்னைத் தேற்றினார்கள். ஆட்டம் முடிந்த பிறகு, அந்த உடம்பை நீயே வைத்துக்கொள் என்று கையில் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். உன் இரண்டு கைகளிலும் விரல்கள் ஆளுக்கொரு திசை பார்த்தன. படி ஏறும்போது உன் முழங்காலில் சரளைக்கல்லை மிதிக்கும் சத்தம் கேட்கும். எங்கள் பொறியாளர்கள் அந்தச் சத்தத்துக்குச் சிரிப்பார்கள். அவர்கள் பெயர்களும் என்னிடம் இருக்கின்றன.

ஊசி பற்றி நீ ஒரே ஒரு முறைதான் சொன்னாய். முழங்கால் வீங்கினால் ஆட்டத்துக்கு முன் டாக்டர் வந்து நீரை உறிஞ்சி எடுத்துவிட்டு மரத்துப்போக ஊசி போடுவார். வலி தெரியாது. வலி தெரியாத காலைக்கொண்டு நீ ஆடுவாய். மறுநாள் காலை கழிவறைக்குத் தவழ்ந்து போவாய். டாக்டர் நல்ல மனிதர்தான், ஒவ்வொரு தடவையும் 'உனக்குச் சரி என்று பட்டால் மட்டும்' என்பாராம். நீ சரியில்லை என்றால் உன் இடத்தில் நிற்க ஒருவன் பின்னால் வார்ம்-அப் செய்துகொண்டிருப்பான், அதை டாக்டரும் பார்ப்பார், நீயும் பார்ப்பாய். 'டாக்டரிடம் போகும்போது முதலில் கேட்க வேண்டியது ஒன்றுதான், ப்ரொஃபசர். அவர் யாரிடம் சம்பளம் வாங்குகிறார்?' என்றாய்.

தலையில் அடிபட்டதைப் பற்றி நீ பேசவே இல்லை. ஆனால் சில நாள் பேச்சு நடுவில் ஒரு சாதாரண வார்த்தைக்காக நின்றுவிடுவாய். கதவு, ஸ்பூன், செவ்வாய்க்கிழமை மாதிரி வார்த்தைகள். நான் எடுத்துக்கொடுப்பேன். 'தேங்க்யூ ப்ரொஃபசர்' என்பாய். வெயிலுக்காகக் கறுப்புக் கண்ணாடி போட்டிருக்கிறாய் என்று எல்லாரும் நினைத்தார்கள். ஆபீசுக்குள் ட்யூப்லைட்டுக்கும் நீ அதைக் கழற்றியதில்லை.

உன்னை அந்த டீமிலிருந்து எடுத்த விதத்தை மட்டும் சிரித்துக்கொண்டு சொன்னாய். அங்கே ஒருவனை நீக்கும்போது முகத்துக்கு நேரே நீக்க மாட்டார்கள். காலையில் ஒரு ஆள் வந்து கதவைத் தட்டுவான். 'பெரியவர் கூப்பிடுகிறார். உன் ஆட்டக் குறிப்புப் புத்தகத்தையும் எடுத்துக்கொண்டு வா' என்பான். புத்தகத்தை எடுத்துவரச் சொன்னால் முடிந்தது. ஒன்பது வருடம் ஆடியவனுக்கு அந்தப் புத்தகத்தைத் திருப்பி வாங்கிக்கொண்டதுதான் வழியனுப்பு விழா.

நம் தொழிலாளர் கேம்ப் ஆட்கள் உன்னை வேறு மாதிரி பார்த்தார்கள். சாரம் கட்டும் கோஷ்டிக்கு முருகேசன் ஃபோர்மேன். புதுக்கோட்டைப் பக்கம் ஆலங்குடிக்காரன். அவன் அறையிலேயே அவன் ஊர்க்காரன் வீரையா. வெள்ளிக்கிழமை அவர்கள் மீன் குழம்பு வைத்தால் உனக்கும் எனக்கும் அழைப்பு வரும். அப்படி ஒருநாள் முருகேசன் என்னிடம் கேட்டான்.

"சார், அவரு அமெரிக்காவுல என்ன வேலை பார்த்தாராம்?"

"அங்கே ஒரு ஃபுட்பால் இருக்கிறது. அதில் லைன்மேன்."

"லைன்மேனா? கரண்டு கம்பத்துல ஏறுறவரா? கம்பம் தாங்குமா சார்?"

நான் விளக்கினேன். வீரையா சோற்றைப் பிசைந்தபடி முழுக்கக் கேட்டான். நல்ல வாய்க்காரன் அவன்.

"பந்தையும் தொடலங்கிறீங்க, கோலும் போடலங்கிறீங்க. அப்பறம் எதுக்கு சார் சம்பளம் குடுத்தான்?"

இதை மொழிபெயர்த்தபோது நீ குலுங்கிய குலுக்கலில் கட்டில் கிறீச்சிட்டது. "எங்கள் முதலாளியும் இதையேதான் கேட்டார் என்று சொல்லு" என்றாய். அன்றிலிருந்து வீரையா உன்னைப் 'பெரியண்ணே' என்று கூப்பிட்டான். உனக்கு அர்த்தம் சொன்னேன். அதற்குப் பிறகு சைட்டில் எவ்வளவு தூரத்திலிருந்து அந்தக் குரல் வந்தாலும் நீ கையைத் தூக்குவாய்.

இனி சொல்ல வேண்டியது அந்தப் போர்டைப் பற்றி. மெயின் கேட்டில் ஒரு போர்டு இருந்தது. இத்தனை லட்சம் மணி நேரம் ஒரு விபத்தும் இல்லாமல் வேலை நடந்திருக்கிறது என்று தினமும் எண்ணை ஏற்றி எழுதுவார்கள். அடிபட்ட ஒருவன் மறுநாள் டூட்டிக்கு வரவில்லை என்றால்தான் அது விபத்து. வந்துவிட்டால் விபத்து இல்லை. இதுதான் விதி. ஆகவே இங்கே ஒரு வழக்கம் உண்டு. கை ஒடிந்தவனையும் பஸ்ஸில் ஏற்றி சைட்டுக்குக் கொண்டுவருவார்கள். ஏசி போட்ட போர்ட்டாகேபினில், சைட்டின் தற்காலிகத் தகர ஆபீசில், நாற்காலி போட்டு உட்காரவைப்பார்கள். சாயங்காலம் திரும்பக் கொண்டுபோவார்கள். 'லைட் டூட்டி' என்று அதற்குப் பெயர். வருகைப் பதிவில் பஞ்ச் விழுந்துவிடும், போர்டில் எண் ஏறிவிடும்.

கம்பெனிக்காரன் மட்டும் செய்தால் பரவாயில்லை. கூட இருப்பவர்களும் செய்வார்கள். அடிபட்டவனைக் குளிப்பாட்டி, கவரால் உடுப்பை மாட்டி, ஹெல்மெட்டை வைத்து, தோளில் தாங்கிப் பஸ்ஸில் ஏற்றுவார்கள். ரூமில் படுத்துக் கிடந்தால் விசாவை கேன்சல் செய்து ஊருக்கு அனுப்பிவிடுவான் என்ற பயம். நண்பனைக் காப்பாற்றுவதாக நினைத்துக்கொண்டுதான் செய்வார்கள். எனக்கு அதில்தான் எல்லாவற்றையும் விட அருவருப்பு. அன்பையே கம்பெனிக்கு வேலை செய்ய வைத்துவிட்டார்கள்.

போர்டு ஒரு பெரிய எண்ணைத் தொடப் போகிற வாரம் அது. விழா, பந்தல், எல்லாருக்கும் பிரியாணி, தலைக்கு ஒரு கம்பளி. அந்த வாரத்தில்தான் கிரேனில் தொங்கிய குழாய் ஒன்று சுழன்று வீரையாவின் ஹெல்மெட்டில் அடித்தது. விழுந்தான், எழுந்தான், 'ஒண்ணுமில்ல' என்று சிரித்தானாம். கேம்ப் கிளினிக்கில் மாத்திரை கொடுத்து லைட் டூட்டி என்று எழுதிவிட்டார்கள். மறுநாளிலிருந்து நம் போர்ட்டாகேபினில், கோப்பில் போடும் காகிதங்களுக்குத் துளையிடும் வேலை.

நீதான் கவனித்தாய். ஜன்னல் வெளிச்சத்துக்கு முதுகைக் காட்டி அவன் நாற்காலியைத் திருப்பிப் போட்டிருந்தான். ஒரு கண்ணை மூடியிருந்தான். துளையிட்ட காகிதத்தையே மறுபடி மறுபடி துளையிட்டு, அது சல்லடையாகிவிட்டது. நீ அவன் முன்னால் அந்த முழங்கால்களோடு மண்டியிட்டாய்.

"ப்ரொஃபசர், நான் கேட்பதை அப்படியே கேள். இன்று காலை என்ன சாப்பிட்டான்?"

கேட்டேன். வீரையா யோசித்தான். பக்கத்தில் நின்ற முருகேசன் "உப்புமாடா" என்றான்.

"உப்புமா சார்."

"பஸ்ஸில் பக்கத்தில் யார்?"

"நான்தான் சார்" என்றான் முருகேசன்.

"அவனை வாயை மூடச் சொல். இது எந்த ஊர் என்று கேள்."

வீரையா உன்னைப் பார்த்துச் சிரித்தான். "பெரியண்ணனுக்கு என்ன ஆச்சு? ஆலங்குடி சந்தைப்பேட்டையில நின்னுக்கிட்டு இது எந்த ஊருங்கிறாரு."

நான் மொழிபெயர்க்கத் தேவை இருக்கவில்லை. ஊர்ப் பெயர் உனக்குத் தெரிந்திருந்தது. கறுப்புக் கண்ணாடியைக் கழற்றிவிட்டு அவன் கண்களை வெகுநேரம் பார்த்தாய். ஆட்டத்தின் நடுவில் உன்னிடம் இதே கேள்விகளைக் கேட்பார்கள் என்றும், ஆடும் ஊரின் பெயரை முன்கூட்டியே உள்ளங்கையில் எழுதிவைத்துக்கொண்டு பதில் சொல்வாய் என்றும் வெளியே வந்து சொன்னாய். "எனக்கும் ஒரு முருகேசன் இருந்தான். பக்கத்தில் ஆடியவன். காதில் சொல்லிக்கொடுப்பான். என் மேல் அவ்வளவு பிரியம் அவனுக்கு" என்றாய்.

மேனேஜரிடம் போனோம். உடனே ஆஸ்பத்திரி வேண்டும், தலைக்குள் ரத்தம் கசிகிறது என்றாய். அவன் முகம் மாறவில்லை. "நாளை விழா முடியட்டும். கிளினிக்கில் ஃபிட் என்று கொடுத்திருக்கிறார்கள். நீங்கள் டாக்டரா?" என்றான். பிறகு என்னிடம் தமிழில், "வாத்தியாரே, இந்த ஆளுக்கு அடிபட்டு அடிபட்டு மூளை கலங்கிக் கெடக்கு. நீரும் கூடச் சேர்ந்து ஆடாதீர்" என்றான். நான் அதை உனக்கு வார்த்தை மாறாமல் மொழிபெயர்த்தேன். "முதல் பாதி சரிதான்" என்று நீ தலையாட்டினாய்.

அன்று ராத்திரி முழுக்க நீ வீரையாவின் கட்டிலருகே உட்கார்ந்திருந்தாய். காலையில் அவனை மறுபடி கேபினுக்குக் கொண்டுவந்தார்கள், பஞ்ச் விழ வேண்டுமே. அவன் வாந்தி எடுத்தான். பேச்சு குழறியது. மேனேஜர் உடனே ஒரு முடிவுக்கு வந்தான். எங்களுக்குக் கான்ட்ராக்ட் கொடுத்த பெரிய கம்பெனி ஆட்கள் கேபின்களைப் பார்வையிட வருவதற்குள் வீரையாவைப் பின்பக்கமாக வேனில் ஏற்றிக் கேம்பில் கொண்டுபோய்ப் படுக்கவைத்துவிட வேண்டும். அவனோடு முருகேசனும் இரண்டு செக்யூரிட்டிகளும் வந்தார்கள். "தூங்கினா சரியாயிடும் சார்" என்றான் முருகேசன், உண்மையாகவே நம்பி.

அவனைத் தனியாகத் தூங்கப் போட்டால் எழுந்திருக்க மாட்டான் என்று உனக்குத் தெரியும். நீ என்னைப் பார்த்து "ப்ரொஃபசர், போன்" என்றாய். பிறகு எழுந்து போய்க் கேபின் வாசலில் நின்றாய்.

நீ ஆடிய ஆட்டத்தை நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான். பக்கத்து மேசையிலிருந்து டவுன்ஷிப் ஆஸ்பத்திரிக்குப் போன் போட்டுக்கொண்டே பார்த்தேன். நீ முழங்காலை மடித்து இடுப்பைத் தாழ்த்தி, இரண்டு உள்ளங்கைகளையும் மார்புக்கு முன்னால் திறந்து வைத்துக்கொண்டாய். ஒரு செக்யூரிட்டி இடது பக்கமாக நுழையப் பார்த்தான். நீ அரை அடி நகர்ந்தாய். அவன் உன் கைகளுக்குள் வந்து நின்றான். அடிக்கவில்லை, தள்ளவில்லை. அவனால் மேலே போக முடியவில்லை, அவ்வளவுதான். அடுத்தவன் வலது பக்கம் வந்தான். நீ மறுபடி அரை அடி. அவ்வளவு பெரிய உடம்பு, நடக்கும்போது நொண்டுகிற உடம்பு, அங்கே தண்ணீரில் மிதக்கிற மாதிரி நகர்ந்தது. உன் முழங்கால் சத்தம் மட்டும் எனக்குக் கேட்டது.

"நகருங்கள். இது கம்பெனி உத்தரவு" என்று மேனேஜர் கத்தினான்.

நீ பதில் சொல்லவில்லை. அவனை நீ பார்க்கவே இல்லை. எதிரில் நின்றவர்களின் இடுப்பைப் பார்த்துக்கொண்டிருந்தாய். எந்தப் பக்கம் வருவான் என்று கண் பொய் சொல்லும், இடுப்பு பொய் சொல்லாது என்று எப்போதோ சொல்லியிருந்தாய். முருகேசன் ஒரு தடவை குனிந்து உன் கையின் கீழாக நுழையப் பார்த்தான். நீ அவனை அப்படியே அணைத்த மாதிரி பிடித்து நிறுத்தினாய். "பெரியண்ணே, விடுங்க, அவனை ஊருக்கு அனுப்பிருவாங்க" என்று அவன் அழுதான். உனக்கு அது புரியவில்லை. புரிந்திருந்தாலும் விட்டிருக்க மாட்டாய்.

ஆம்புலன்ஸ் பந்தலைத் தாண்டித்தான் வர வேண்டியிருந்தது. பெரிய கம்பெனி ஆட்கள் ரிப்பன் வெட்ட நின்ற இடம். எல்லாரும் பார்த்தார்கள். ஸ்ட்ரெச்சர் வந்த பிறகுதான் நீ வாசலை விட்டு ஒதுங்கினாய். ஒதுங்கியதும் காலை நேராக்க முடியாமல் தரையில் உட்கார்ந்துவிட்டாய்.

அபுதாபிக்குக் கொண்டுபோய் மண்டையைத் திறந்து உறைந்த ரத்தத்தை எடுத்தார்கள். இன்னும் சில மணி நேரம் போயிருந்தால் கஷ்டம் என்றார் அங்கிருந்த டாக்டர். வீரையா பிழைத்தான்.

போர்டு பூஜ்யத்துக்கு வந்தது. பிரியாணியைச் சமைத்துவிட்டதால் பரிமாறினார்கள். கம்பளிகள் வந்த லாரியிலேயே திரும்பிப் போயின. மெஸ்ஸில் என்ன பேசினார்கள் என்று உனக்கு நான் அப்போது மொழிபெயர்க்கவில்லை. "வாசல் வரைக்கும் வந்த கம்பளியக் கெடுத்தான் தடியன்." "அவனுக்கென்ன, ஃப்ளைட் ஏறிடுவான்." "பந்தைத் தடுக்கத் துப்பில்ல, வேனத் தடுக்க வந்துட்டான்." சிரித்தார்கள். மண்டை பிளந்து கிடந்தவனின் ரூம்காரர்களும் சிரித்தார்கள். மேனேஜரை வெறுப்பது எனக்குச் சுலபம், பழக்கமான வேலை. அந்த மெஸ்ஸை வெறுக்க நேர்ந்ததைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை.

மறுநாள் உனக்குப் போன் வந்தது. ஆபீசுக்கு வா, கேட் பாஸையும் எடுத்துக்கொண்டு வா என்றார்கள். ரிசீவரை வைத்துவிட்டு நீ என்னிடம், "புத்தகத்தை எடுத்துவரச் சொல்கிறார்கள்" என்றாய். இரண்டாவது முறை என்பதால் உனக்குச் சிரிப்பு வந்தது. என்னை வேலையை விட்டு அனுப்பவில்லை. இந்தச் சம்பளத்துக்கு இவ்வளவு இங்கிலீஷ் எழுதுகிறவன் அவர்களுக்குக் கிடைக்க மாட்டான். மேனேஜர் அனுப்பிய மெழுகுவர்த்தி மெயிலிலும் என் பழைய வாக்கியம் ஒன்றைத் திருடிப் போட்டிருக்கிறான்.

நீ ஊருக்குப் போக வண்டியில் ஏறும்போது நான் கொதித்துக்கொண்டிருந்தேன். நீ என் தோளில் அந்தக் கோணல் கையை வைத்தாய். 'ஒரு ஆட்டம் முடிந்தால் அதை மறந்துவிட வேண்டும், ப்ரொஃபசர். மனதில் வைத்திருந்தால் அடுத்ததில் உன்னைத் தாண்டிப் போய்விடுவான்' என்றாய். நல்ல அறிவுரை. நான் ஏற்கவில்லை.

ஊருக்குப் போய் உன் அக்கா வீட்டில் இருந்தாய். எப்போதாவது போன் செய்வாய். முதலில் உன் எடையைப் பற்றி, அக்காவின் நாயைப் பற்றிப் பேசினாய். பிறகு பேச்சு சுருங்கியது. கடைசி வருடத்தில் எடுத்தவுடன் ஒரே கேள்விதான்.

"அவனைக் கொண்டுபோய்விட்டார்களா?"

"கொண்டுபோய்விட்டார்கள். பிழைத்துவிட்டான். ஊரில் இருக்கிறான்."

"நல்லது" என்பாய். அடுத்த போனில் மறுபடி, "கொண்டுபோய்விட்டார்களா? நான் இன்னும் நிற்கட்டுமா?"

என் பெயரை மறந்தாய், ப்ரொஃபசர் என்பதையும் மறந்தாய். அந்த வாசல் மட்டும் உன்னை விட்டு நகரவில்லை. உன்னைத் தின்றுவிட்டு எலும்பைத் துப்பியவர்கள் உன் ஆட்டப் படங்களைக் கண்ணாடிப் பெட்டியில் வைத்திருப்பார்கள். அவற்றில் ஒன்றும் உனக்கு ஞாபகமில்லை. 'நீ நகரலாம், ஆம்புலன்ஸ் வந்துவிட்டது' என்று ஒவ்வொரு முறையும் சொன்னேன். ஒவ்வொரு முறையும் நீ பெருமூச்சு விட்டாய்.

அந்த மெயிலைப் படித்த அன்று மாலை ஆலங்குடிக்குப் போன் செய்தேன். வீரையாதான் எடுத்தான்.

"நம்ம அமெரிக்காக்காரர் தவறிட்டார், வீரையா."

"யாருங்க சார்?"

சொன்னேன். குழாய், கேபின், வாசல் எல்லாம் சொன்னேன். அவன் மரியாதையாகக் கேட்டான்.

"கோவிச்சுக்காதீங்க சார். அங்க இருந்த கடைசி வருசம் பூராம் எனக்குப் பொகை மாதிரித்தான். ஆளு மொகமே வரல. வீட்டுல கேட்டாத் தெரியும்."

அவன் மனைவி போனை வாங்கினாள். அவளுக்குத் தெரிந்திருந்தது. "முருகேசண்ணன் லீவுல வந்தப்ப சொன்னாரு சார். கம்பளி போச்சுன்னு திட்டிக்கிட்டேதான் சொன்னாரு. சொல்லிட்டு அழுதாரு" என்றாள். பிறகு கேட்டாள், "அவருக்கு யாரு சார் கொள்ளி வச்சது?"

"தெரியலம்மா."

"புள்ளைக இல்லையா?"

"இல்லை. ஒரு அக்கா மட்டும்தான்."

அவள் போனை நகர்த்திக்கொண்டு சத்தமாகப் பேசியது கேட்டது. "ஏங்க, அங்கயே நில்லுங்க. வீட்டுக்குள்ள வராதீங்க. போர்செட்டுல போயித் தலைக்கு ஊத்திக்கிட்டு வாங்க."

"யாருக்குடி?"

"ஒங்க அண்ணனுக்கு."

மோட்டார் ஓடத் தொடங்கியது. நான் போனை வைக்கவில்லை. யாரென்றே தெரியாத உனக்காக ஒரு மனிதன் ஆலங்குடியில் தலை நனைத்துக்கொண்டிருந்தான். தண்ணீர் கொட்டுகிற சத்தம் ருவைஸ் வரைக்கும் கேட்டது. உனக்கு இந்த உலகத்தில் முறையாக நடந்த ஒரே சடங்கு அதுதான் என்று நினைக்கிறேன்.

நான் உனக்காகத் தலைக்கு ஊற்றிக்கொள்ளவில்லை. ஊற்றினால் தீட்டுக் கழிந்துவிடும். அவன் குளித்து ஈரம் துடைத்துக்கொண்டு சாப்பிடப் போயிருப்பான், போகட்டும், அவனுக்கு அது நியாயம். எனக்குக் கழிய வேண்டாம். நாளைக் காலை மேனேஜர் என்னை 'வாத்தியாரே' என்று கூப்பிடுவான். இந்தத் தீட்டோடுதான் அவன் எதிரில் போய் நிற்பேன்.